கால்வாயில் தண்ணீர் வரும்வரை

மே 29, சேரன்மகாதேவி

பேப்பரில் முதலில் பார்ப்பது பாபநாசம் அணை மட்டத்தைத்தான். நிறைந்தால் 143 அடி. இன்றைய கணக்கை எழுதப் பிடிக்கவில்லை. பதினேழு வருஷம் மற்றவர்கள் படத்துக்கு ஒளிப்பதிவு செய்தபோது அணையை நினைத்ததே இல்லை. தண்ணீர் வேண்டுமென்றால் மேனேஜர் லாரியில் கொண்டுவருவார். இப்போது படமே என்னுடையது.

மே 31

யூனிட்டுக்குத் தினப்படி பேட்டா கொடுத்தாயிற்று. மிச்சத்தை எண்ணவில்லை.

ஜூன் 1

கார் நெல் சாகுபடிக்கு இன்றுதான் தண்ணீர் விடுகிற வழக்கம். கன்னடியன் கால்வாய்க்குள் ஆடு படுத்திருக்கிறது. என் கடைசிக் காட்சியே அங்கேதான். டீக்கடை அண்ணாச்சி, "வரும் வே, உங்க படத்துக்காவது வரட்டும்" என்றார்.

ஜூன் 3

ஆச்சி வீட்டு அடுக்களை. டியூப் லைட் எரிந்தே ஆக வேண்டும், அதுதான் அந்த வீட்டு வெளிச்சம். நம் கரண்ட் 50 ஹெர்ட்ஸ்; நொடிக்கு 24 பிரேமில் ஷட்டரை 172.8 டிகிரிக்குக் கொண்டுவந்தால் மினுக்காது. வைத்தேன். லைட் மீட்டர் பார்த்தேன். ஜன்னலுக்கு வெளியே தெர்மாகோல் பிடிக்கச் சொன்னேன். ஆச்சி சொதிக்குத் தேங்காய் துருவிக்கொண்டே மகனைப் பற்றிப் பேச வேண்டும். ஐந்து டேக். ஐந்திலும் வெளிச்சம் பிரமாதம், ஆச்சிதான் எதிலும் இல்லை. பேக்கப் ஆன பிறகு திண்ணையில் டீ குடிக்கையில் அதையே என்னிடம் சொல்லி அழுதாள். கேமரா பெட்டிக்குள் போயிருந்தது.

"இதை அப்பவே சொல்லியிருக்கலாமே ஆச்சி."

"நீ அந்தப் பொட்டிக்குப் பொறத்த ஒளிஞ்சிக்கிட்டா நான் யாருட்டய்யா பேச?"

ஜூன் 4

கேமராவை அசிஸ்டென்ட் பையனிடம் கொடுத்துவிடலாமா? 'வீடு' படத்துக்கு இயக்கம், கேமரா, எடிட்டிங் மூன்றும் பாலு மகேந்திராதான். சரி, அவர் அவர். பையன் கெட்டிக்காரன், ஆனால் வெளிச்சத்தைக் கூட்டி, படத்தில் வெள்ளையை எரியவிட்டுவிடுவான். ஆச்சிக்கு வெள்ளைச் சேலை. எரிந்த இடத்தில் நூல்கூடத் தெரியாது, அப்புறம் கலரிஸ்ட்டாலும் மீட்க முடியாது. ராத்திரி இரண்டு மணி. சேலையைச் சாயத்தில் முக்கினால்? ஆச்சி ஒப்பமாட்டாள்.

ஜூன் 5

கொடுத்துவிட்டேன்.

ஜூன் 6

துருவலுக்குப் பக்கத்தில் மணையில் உட்கார்ந்தேன். கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் மீட்டரைப் பிடித்துக்கொண்டேன். ஆச்சி அதை வாங்கி அரிசிப் பானைமேல் வைத்துவிட்டுப் பேசினாள். ஒரே டேக். இடது தோளில் சேலை எரிந்திருக்கிறது. மூன்று தடவை போட்டுப் பார்த்தேன், தோளையே.

ஜூன் 8

அம்பாசமுத்திரத்தில் மழை என்று போன். மடை திறந்தார்களா என்று யாருக்கும் தெரியவில்லை. பையனை எழுப்ப வேண்டும்.