திணிவின் பாதியும் வேகத்தின் வர்க்கமும்

கோலாலம்பூரில் குடியேறி நாற்பது ஆண்டுகள் ஆகியும், மணிக்கு இத்தனை கிலோமீற்றர் என்று எங்கேனும் எழுதியிருக்கக் கண்டால், அதை 3.6 ஆல் பிரித்துச் செக்கனுக்கு எத்தனை மீற்றர் என்று பார்த்த பின்பே என் மனம் அடுத்த வேலைக்குச் செல்கிறது. இந்தப் பழக்கத்தை உண்டாக்கியவர் 1970களில் நான் படித்த கல்லூரியில் பௌதிகம் கற்பித்த ஆசிரியர். அதற்குக் காரணமாக அமைந்தது தவணைப் பரீட்சையில் நான் ஓட்டிய ஒரு பஸ்.

மணிக்கு 72 கிலோமீற்றர் வேகத்தில் செல்லும், 5000 கிலோகிராம் திணிவுடைய பஸ்ஸின் இயக்கப்பாட்டுச் சக்தியை, அதாவது ஓடுவதால் அதற்கு உள்ள சக்தியை, கேட்டிருந்தார்கள். திணிவின் பாதியான 2500ஐ 72இன் வர்க்கமான 5184ஆல் பெருக்கி, ஒரு கோடியே 29 இலட்சத்து 60 ஆயிரம் யூல் (சக்தியின் அலகு) என்று பெருமையுடன் எழுதினேன். வேகத்தைச் செக்கனுக்கு 20 மீற்றர் என மாற்றியிருந்தால் விடை பத்து இலட்சம் யூல் மட்டுமே. விடைத்தாளின் ஓரத்தில் சிவப்பு மையில், “தம்பி, உம்முடைய பஸ் மணிக்கு 259 கிலோமீற்றர் வேகத்தில் ஓடுகிறது, நான் ஏறமாட்டேன்” என்று எழுதியிருந்தார். 3.6 மடங்குப் பிழை ஏறத்தாழ 13 மடங்காகப் பெருகியதற்கு வர்க்கமே காரணம் என்பதை அன்றுதான் உணர்ந்தேன்.

அந்த வர்க்கத்தை அவர் களிமண்ணில் காட்டினார். 1720களில் ஒல்லாந்து அறிஞர் கிராவெசாண்டே பித்தளைக் குண்டுகளைக் களிமண்ணில் விழவிட்டு, வேகம் இரட்டித்தால் பள்ளம் நான்கு மடங்கு ஆழமாகிறது எனக் கண்டதைச் சொல்லிவிட்டு, ஓர் இரும்புக் குண்டை முதலில் ஓரடி உயரத்திலிருந்தும் பின்னர் நான்கடி உயரத்திலிருந்தும் எங்களையே போடச் செய்தார். உயரம் நான்கு மடங்கானால் விழும் வேகம் இரு மடங்காகும். பாதி எங்கிருந்து வந்தது என்று நான் கேட்டபோது அவர் மகிழ்ந்ததுபோல் இருந்தது. ஓய்விலிருந்து சீரான விசையுடன் புறப்படும் பொருளின் சராசரி வேகம் அதன் இறுதி வேகத்தில் பாதிதான். அது கடக்கும் தூரமும், ஆகவே விசை செய்யும் வேலையும், அந்தப் பாதியைச் சுமந்தே வருகின்றன என்று விளக்கினார். அந்தப் பாதியைச் சேர்த்து இன்றைய வடிவத்தைத் தந்தவர் 1829இல் பிரெஞ்சு அறிஞர் கொரியோலிசு என்பதும் அவர் சொல்லித் தெரிந்ததே.

மலேசிய நெடுஞ்சாலையில் வேக எல்லை 110 என்ற பலகையைக் காணும்போதெல்லாம், 90இல் செல்லும் காரைவிட 110இல் செல்லும் அதே காருக்கு ஏறத்தாழ ஒன்றரை மடங்கு சக்தி உண்டு என்று கணக்கிடுவேன். என் மனைவிக்கு இது அலுத்துவிட்டது.

சில ஆண்டுகளுக்கு முன் தைப்பூச இரவில், ஜாலான் ஈப்போ ஓரத்துத் தண்ணீர்ப் பந்தலில் பேத்தியுடன் அமர்ந்திருந்தேன். அவள் அப்போது நான்காம் படிவம். எனக்குத் திணிவு என்பது மலாயில் படிக்கும் அவளுக்கு ஜிசிம், என் இயக்கப்பாட்டுச் சக்தி அவளுக்குத் தெனாகா கினெத்திக். வெள்ளித் தேர் ஜாலான் துன் எச். எஸ். லீ மாரியம்மன் கோவிலிலிருந்து பத்துமலை வரை ஏறத்தாழ 15 கிலோமீற்றரை எட்டு மணி நேரத்தில் கடக்கிறது என்று வைத்தால், செக்கனுக்கு அரை மீற்றர் வரும். தேரின் திணிவு எனக்குத் தெரியாததால், பழைய பஸ்ஸின் 5000 கிலோகிராமையே அதற்கும் கொடுத்தேன். விடை 625 யூல். அவ்வழியே சைக்கிளில் போன பையனுக்குச் சைக்கிளுடன் சேர்த்து 65 கிலோகிராமும் செக்கனுக்கு 5 மீற்றரும் வைத்தபோது 812 யூலுக்குச் சற்று மேல் வந்தது. தேரைவிடப் பையனே சக்தி மிகுந்தவன் என்று சொல்லி வெற்றிப் புன்னகை செய்தேன்.

“அப்பப்பா, தேர் நின்று நின்றுதானே வருகிறது?” என்றாள் அவள். “பாதி நேரம் நின்றால், ஓடும்போது செக்கனுக்கு ஒரு மீற்றர் அல்லவா?”

காகிதக் குவளையின் பக்கத்தில் எழுதியிருந்த 625ஐ அடித்துவிட்டு, 2500 யூல் என்று திருத்தினேன். பையன் அதற்குள் சந்தியில் திரும்பி மறைந்துவிட்டான்.