ஏற ஏற அதே திண்ணை: சத்திரம் மாடல், மூன்றாவது முயற்சி

மேஜைமேல் சின்னதாக ஒரு சத்திரம் கட்டி, களிமண் ஆளைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்திப் படமெடுத்து ஓட்டுகிற வேலை இது. மூன்றாவது சத்திரம் நேற்று ராத்திரி ஒருவழியாகப் படமாகி முடிந்தது. முதல் இரண்டும் என்ன கதிக்கு ஆளாயின என்பதையும் சேர்த்தே எழுதி வைக்கிறேன்.

கதை இதுதான். சேதுவுக்கு நடந்து போகிற பயணி ஒருவன், பொழுது சாய்கிற நேரத்தில் உச்சிப்புளிப் பக்கம் ஒரு சத்திரத்தில் ஒதுங்குகிறான். செருப்பைத் திண்ணையோரம் கழற்றிவிட்டு மாடிக்குப் படி ஏறுகிறான். ஏறுகிறான், ஏறுகிறான், ஒரு படிகூட இறங்கவில்லை. ஆனால் வந்து சேர்வது அதே திண்ணை, அதே சாயங்காலம். அவனுக்கு விடியவே விடியாது. சேதுபதி ராஜாக்கள் யாத்திரைக்காரர்களுக்காக வழிநெடுகக் கட்டிவைத்த சத்திரங்கள் நிஜம். இந்தச் சத்திரம் என் மேஜையில் மட்டும்தான்.

விதை விழுந்தது ராமேசுவரம் கோயிலின் மூன்றாம் பிராகாரத்தில். சின்ன வயதில் அப்பா கையை விட்டுவிட்டுத் தனியாக நடந்தபோது, முன்னால் பார்த்தாலும் பின்னால் பார்த்தாலும் ஒரே மாதிரித் தூண்கள். 1,212 தூண் என்பார்கள். எண்ணினவனுக்குப் புண்ணியம். எனக்கு அன்றைக்குக் கிளம்பின இடத்துக்கே வந்துவிட்ட மாதிரி வயிற்றைப் புரட்டியது.

முடிவில்லாத படிக்கட்டு என் கண்டுபிடிப்பு இல்லை. லயனல் பென்ரோஸ், ரோஜர் பென்ரோஸ் என்ற அப்பாவும் மகனும் 1958-இல் ஓர் உளவியல் இதழில் இதைப் படமாகப் போட்டார்கள். காகிதத்தில் கோடுகள் ஒன்றையொன்று ஏமாற்றிக்கொள்ளும். அட்டையில் செய்தால் ஏதாவது ஒரு மூலையில் படிக்கட்டு அறுந்துதான் இருக்கும். அந்த அறுந்த இடத்தை ஒரே ஓர் இடத்திலிருந்து பார்க்கும்போது மட்டும் தெரியாமல் மறைப்பதுதான் மொத்த வேலையும்.

என் கணக்கு: 14 படி, ஒவ்வொன்றும் 5 மில்லிமீட்டர், ஆக 7 சென்டிமீட்டர் உயரம். உச்சிப்படி நமக்குப் பக்கத்தில், அடிப்படி அதற்குப் பின்னால் தள்ளி. மேலேயிருந்து 45 டிகிரியில் பார்த்தால், உயரம் எவ்வளவோ அவ்வளவே இடைவெளி விடவேண்டும், அதாவது 7 சென்டிமீட்டர். அப்போது இரண்டும் ஒரே பார்வைக்கோட்டில் விழுந்து ஒட்டிக்கொள்ளும். ஒற்றைக் கண்ணால்தான். இரண்டு கண்ணையும் திறந்தால் குட்டு உடனே உடையும், அதனால் போன் கேமராதான் வழி.

முதல் சத்திரத்தைப் பழைய கல்யாணப் பத்திரிகை அட்டையில் செய்தேன். ஆடி மாசம், ஜன்னல் திறந்திருந்தது, உப்புக்காற்று. மூன்றே நாளில் படிகள் எல்லாம் பொரித்த அப்பளம் மாதிரி நெளிந்துவிட்டன. சரி, அட்டை இந்த ஊருக்கு ஆகாது.

இரண்டாவது சன்போர்டில், அதாவது பிளாஸ்டிக் நுரைப் பலகையில். நெளியவில்லை, ஆனால் போட்டோவில் பின்னால் இருக்கிற படி சூம்பிப்போய்த் தெரிந்தது. போனை 40 சென்டிமீட்டர் தூரத்தில் வைத்து எடுத்திருந்தேன். அறுந்த இரண்டு முனைக்கும் பார்வைக்கோட்டில் சுமார் 10 சென்டிமீட்டர் வித்தியாசம் என்பதால், பின்முனை ஐந்தில் நான்கு பங்குதான் தெரியும். இரண்டு மீட்டர் தள்ளிப்போய் ஜூம் வைத்து எடுத்தால் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து வந்துவிடுகிறது. இந்தச் சின்னக் கணக்கைப் போட எனக்கு இரண்டு வாரம் பிடித்தது. அதற்குள் கோபத்தில் அந்தச் சத்திரத்தைப் பிய்த்துப் போட்டிருந்தேன்.

மூன்றாவதில் சுவருக்குத் தனுஷ்கோடி இடிபாடுகளில் இருக்கிற முருகைக்கல் (பவளக்கல்) தோற்றம் வேண்டும் என்று ஆசை. நிஜக் கல்லைக் கையால் தொடக்கூடாது, பவளப்பாறையை எடுப்பது சட்டப்படி குற்றம். தெர்மோகோலில் பிரஷ் நுனியால் பெயிண்ட் தின்னரைத் தொட்டுத் தொட்டு வைத்தேன். அங்கங்கே உருகிப் பொத்தல் பொத்தலாக, அச்சு அசல் முருகைக்கல்! நாற்றம் தாங்காது, மொட்டைமாடியில் வைத்துச் செய்யுங்கள். மேலே சுண்ணாம்பு ஒரு பூச்சு.

அப்புறம் பயணி. களிமண்ணில் 4 சென்டிமீட்டர் உயரம். ஒரு படிக்கு நான்கு படம் வீதம் 56 படம், விநாடிக்கு 12 என்று ஓட்டினால் கிட்டத்தட்ட ஐந்து விநாடி. உச்சிப்படியிலிருந்து அடிப்படிக்கு மாற்றும்போது ஆள் திடீரென்று குறுகினான். அதனால் 2 மில்லிமீட்டர் கூடுதலாக இன்னொருவனைச் செய்தேன். ஆக, ஒரே ஆள் என்று காட்ட இரண்டு பேர் தேவைப்பட்டார்கள்.

சாயங்காலம் நான்கு மணிக்குப் படம் எடுக்க உட்கார்ந்து ஆறு மணிக்கு முடித்தேன். ஓட்டிப் பார்த்தால் நிழல் சுவரில் ஊர்ந்துகொண்டே போய், சுற்று முடிகிற இடத்தில் பொசுக்கென்று குதித்தது. நேரமே நகராத சத்திரத்தில் சூரியன் மட்டும் தன் வேலையைப் பார்த்திருக்கிறது. மறுநாள் ராத்திரி, பல்பைச் சுற்றி வெள்ளை வேட்டி கட்டி, போனில் வெளிச்சத்தையும் நிறத்தையும் பூட்டி வைத்து எடுத்தேன். 41-ஆவது படத்தில் கரண்ட் போனது. அதற்கடுத்த ராத்திரி முழுசாக முடிந்தது.

சத்தத்துக்கு, உளவியலாளர் ரோஜர் ஷெப்பர்ட் 1964-இல் செய்து காட்டிய ஏறிக்கொண்டே இருப்பதுபோல் கேட்கும் ஒலியைச் சங்கு மாதிரி ஆக்கிச் சேர்த்தேன். ஒரு ஸ்தாயி (ஒரு ச-விலிருந்து மேல் ச வரை) இடைவிட்ட ஒலிகள் ஒன்றாக ஏறும். மேலே போவது மெல்லக் கரையும், கீழே புதிதாக ஒன்று மெல்ல முளைக்கும். காதுக்கு முடிவே தெரியாது. 1964 என்றாலே எங்கள் பக்கம் தனுஷ்கோடியை அழித்த புயல்தான் நினைவுக்கு வரும், அதனால் அந்த வருஷத்தைப் பார்த்ததும் ஒரு நிமிஷம் கை நின்றது.

எல்லாம் முடித்து அப்பத்தாவிடம் போனைக் கொடுத்தேன். ஐந்தாறு சுற்றுப் பார்த்துவிட்டுக் கேட்டது: "ஏய்யா, மொதத் தடவ கழட்டிப்போட்ட செருப்பு, ரெண்டாந்தடவ எப்படிய்யா திரும்பக் காலுக்கு வந்துச்சு?"

படிக்கட்டைப் பற்றி அதற்கு ஒரு சந்தேகமும் இல்லை. இடம் சுற்றி வருவதை ஒத்துக்கொள்கிறது, செருப்பை ஒத்துக்கொள்ளவில்லை. யோசித்தால் அதுதான் சரி. வெறுமனே இடம் சுற்றினால் இரண்டாம் சுற்றில் செருப்பு திண்ணையில் கிடக்கவேண்டும். நேரமும் சுற்றினால் காலில் இருக்கவேண்டும், ஆனால் அவன் ஏறிவருவதோ வெறுங்காலோடு. சுற்றின் முடிவும் தொடக்கமும் ஒட்டுகிற அந்த ஒரு படத்தில் இரண்டும் மோதுகின்றன.

இப்போதைக்கு ஒரு வழி யோசித்திருக்கிறேன். முதல் படத்திலிருந்தே செருப்பு திண்ணையோரம் கிடக்கும், அவன் முதலிலிருந்தே வெறுங்கால். இப்படி எடுத்தால் சுற்று ஒட்டிவிடும். அப்பத்தாவுக்கு இதுவும் பிடிக்கவில்லை. "யாருமே கழட்டாத செருப்பு அங்க எப்படி வந்துச்சு?" என்கிறது. அது யாரும் கொண்டுவராத, எப்போதும் அங்கேயே இருக்கிற செருப்பு என்று சொன்னால், "செருப்புன்னா ஒருத்தன் தச்சிருக்கணும்ல" என்று அடுத்த கேள்வி.

தைத்தவன் நான்தான். பழைய பர்ஸ் தோலில், ஒவ்வொன்றும் அரை அங்குலம்கூட வராது. முதல் பத்துப் படத்தை அந்த ஜோடியை வைத்து மறுபடி எடுக்கவேண்டும். இன்று காலையிலிருந்து மேஜையில் ஒற்றைச் செருப்புதான் இருக்கிறது, இன்னொன்றைத் தேடிக்கொண்டிருக்கிறேன்.