லீதியாள் ஊர் ஆற்றங்கரையில்

பிலிப்பிக்கு எங்களுக்கு ஒதுக்கியிருந்த நேரம் நாற்பது நிமிடம். அப்போஸ்தலர் பவுல் நடந்த கிரேக்க ஊர்களைப் பார்க்கப் பத்து நாள் என்று சொல்லித்தான் பணம் வாங்கியிருந்தார்கள். பஸ் நின்றது, வழிகாட்டி குடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு முன்னால் நடந்தார், இருபத்திரண்டு பேரும் பின்னால் ஓடினோம். சந்தைத் திடல், அரங்கம், இடிந்த தூண்கள் என்று ரோமர் காலத்துப் பொதுக் கழிப்பறை வரை காட்டினார். லீதியாள் என்ற பெண்ணைப் பவுல் சந்தித்த ஆற்றங்கரையைக் காட்டவில்லை. கேட்டதற்கு, அது கொஞ்சம் தள்ளி இருக்கிறது, நம் திட்டத்தில் இல்லை என்று சொல்லிவிட்டார்.

அக்காவுக்குத் தாங்கவில்லை. "கக்கூஸைப் பாக்கவாலே நான் வளையலை அடகு வச்சிட்டு வந்தேன்?" என்றாள். பஸ் என்றும் பாராமல் சத்தமாகவே சொன்னாள். எங்களோடு வந்த போதகர் ஐயர் சிரிப்பை அடக்க ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

இரண்டு நாள் கழித்து, தெசலோனிக்கியில் கடைவீதி பார்க்க என்று ஒரு பகல் முழுக்க விட்டார்கள். நாங்கள் இருவரும் விடியற்காலையிலேயே கவாலா பஸ் ஏறிவிட்டோம். இரண்டரை மணி நேரம் போலப் பயணம். அந்த நெடுஞ்சாலைக்குப் பேர் எக்னாத்தியா. கி.மு. 2ஆம் நூற்றாண்டில் ஆட்ரியாட்டிக் கடலோரத்திலிருந்து கிழக்கு நோக்கி ரோமர்கள் போட்ட ராணுவச் சாலையின் பேரையே புதுச் சாலைக்கும் வைத்திருக்கிறார்கள். பிலிப்பியில் அடி வாங்கிய கையோடு, அம்பிபோலி, அப்பொலோனியா கடந்து பவுலும் கூட ஊழியம் செய்த சீலாவும் தெசலோனிக்கேக்கு நடந்தது அந்தப் பழைய சாலை வழியாகத்தான். நாங்கள் எதிர்த்திசையில், ஏசி பஸ்ஸில், அக்கா கொண்டுவந்த முறுக்கைத் தின்றுகொண்டு போனோம்.

கவாலாதான் வேதாகமத்தில் வரும் நெயாப்போலி. பவுலும் கூட வந்தவர்களும் எதிர்க்கரையில் துரோவாவில் கப்பல் ஏறி, சாமோத்திராக்கே தீவைத் தொட்டு, மறுநாளே இங்கே வந்து சேர்ந்துவிட்டார்கள். பிறகு ஒரு முறை இதே கடலைத் திரும்பக் கடக்க ஐந்து நாள் ஆனதாக அப்போஸ்தலர் நடபடிகள் 20ஆம் அதிகாரத்தில் இருக்கிறது. முதல் தடவை காற்று கூடவே வந்திருக்கிறது. பவுல் வந்து இறங்கியதைக் காட்டும் பெரிய மொசைக் சித்திரம் ஒன்று ஊருக்குள் இருக்கிறது. ஒரு காலத்தில் மசூதியாக இருந்து இப்போது புனித நிக்கோலா ஆலயமாக இருக்கும் கட்டடத்தின் பக்கத்தில். அதன் முன்னால் ஒரு படம் எடுத்துக்கொண்டோம், அவ்வளவுதான். அக்காவின் மனசெல்லாம் ஆற்றில் இருந்தது.

திராமா போகும் பஸ்ஸில் ஏறி, பதினைந்து கிலோமீட்டர் போல வந்து, பிலிப்பியில் இறங்கினோம். மக்கெதோனிய அரசன் இரண்டாம் பிலிப்பு கி.மு. 356இல் தன் பேரை வைத்த ஊர். கி.மு. 42இல் சீசரைக் கொன்ற புரூட்டஸும் காசியஸும் தோற்றது இந்தச் சமவெளியில். அந்தப் போருக்குப் பிறகு ஓய்வு பெற்ற ரோமப் படைவீரர்களுக்கு இங்கே நிலம் கொடுத்துக் குடியேற்றினார்கள். பவுல் வந்த காலத்தில் இது கிரேக்க மண்ணில் ஒரு குட்டி ரோமாபுரி. ரோமக் குடியுரிமை இருந்தால் தலை நிமிர்ந்து நடக்கலாம், இல்லையென்றால் ஓரமாகப் போக வேண்டியதுதான்.

பழைய எக்னாத்தியா சாலையின் கொஞ்ச தூரம் இடிபாடுகளுக்கு நடுவே அப்படியே கிடக்கிறது. பளிங்குப் பாளங்களில் வண்டிச் சக்கரம் உருண்டு உருண்டு விழுந்த தடம். குனிந்து விரலை வைத்துப் பார்த்தேன், முதல் கணு வரை இறங்கியது. எங்கள் ஊர்க் கிணற்றுக் கல்லில் கயிறு அறுத்த தடம் இருக்குமே, அந்த மாதிரி.

எண்கோண ஆலயத்தின் இடிபாட்டுப் பக்கம் ஒரு தரைச் சித்திரம். பொர்பீரியோஸ் என்ற ஆயர் "பவுலின் ஆலயத்துக்கு" இதைச் செய்தார் என்று கிரேக்க எழுத்தில் இருக்கிறது. ஆயரின் காலம் கி.பி. 343ஐ ஒட்டியது. பவுலின் பேரில் ஆலயம் இருந்ததற்கு நம் கையில் இருக்கும் மிகப் பழைய சான்றுகளில் இது ஒன்று. எனக்கு வியப்பாக இருந்தது அந்த வரியின் கடைசி வார்த்தைகள்: "கிறிஸ்துவுக்குள்". இது பவுலின் வழக்கு. அவருடைய கடிதங்களில் பக்கத்துக்குப் பக்கம் வரும். எங்கள் பக்கத்துக் கல்யாணப் பத்திரிகையில் "கிறிஸ்துவுக்குள் அன்பானவர்களே" என்று அச்சடிக்கிறோமே, அது எங்கிருந்து வந்தது என்று நான் ஒரு நாளும் யோசித்ததில்லை. அப்பா எனக்கு விடுதிக்கு எழுதும் இன்லேண்ட் லெட்டரில் முதல் வரி "கிருபையும் சமாதானமும் உண்டாவதாக" என்றிருக்கும். அதற்கு அப்புறம்தான் ஃபீஸ் கட்டினாயா என்று கேட்பார். அந்த வாழ்த்தும் பவுலுடையதுதான்.

இன்னொன்றும் அங்கே நின்றபோதுதான் உறைத்தது. புதிய ஏற்பாட்டைத் திறந்தால் மத்தேயு முதலில் வருவதால், சுவிசேஷங்கள் முதலில் எழுதப்பட்டன, பவுல் பிறகு வந்தார் என்று ஒரு எண்ணம் நமக்குள் இருந்துவிடுகிறது. நடந்தது தலைகீழ். தெசலோனிக்கேயருக்கு எழுதிய முதல் கடிதம் ஏறக்குறைய கி.பி. 50. சுவிசேஷங்களில் முந்தியதாகக் கருதப்படும் மாற்கு கி.பி. 70ஐ ஒட்டி எழுதப்பட்டது என்பார்கள். பிலிப்பியில் ஒரு வீட்டுக் கூடத்தில் பவுலின் கடிதத்தைப் பிரித்து வாசித்தபோது, கேட்டுக்கொண்டிருந்தவர்கள் கையில் சுவிசேஷம் என்று ஒரு புத்தகம் இல்லை. இயேசுவை நேரில் கண்டு பின்தொடர்ந்த பன்னிருவரில் ஒருவராக இல்லாத, முதலில் சபையைத் துன்பப்படுத்தப் புறப்பட்ட ஒரு கூடாரத் தொழிலாளியின் கடிதம்தான் இருந்தது.

படிகளில் ஏறிப்போனால் 'பவுலின் சிறை'. கல்லால் கட்டிய தாழ்வான அறை, உள்ளே இருட்டு. இது ரோமர் காலத்துத் தண்ணீர்த் தொட்டி, பிற்காலத்தில்தான் மக்கள் சிறையென்று வணங்கத் தொடங்கினார்கள் என்று ஆய்வாளர்கள் சொல்வதை அக்காவிடம் சொன்னேன். "இருக்கட்டும், இந்த ஊர்லதானே அடிச்சாங்க" என்றாள். அதற்கு மேல் நான் என்ன சொல்ல?

குறி சொல்லும் அடிமைப் பெண் ஒருத்தியைப் பவுல் விடுவித்தார். அவளை வைத்துச் சம்பாதித்த எஜமான்களுக்கு வருமானம் போயிற்று. அதுதான் வழக்கு. ஆனால் நடுவர்களிடம் போய், இவர்கள் யூதர்கள், ரோமரான நமக்கு ஆகாத முறைமைகளைப் போதிக்கிறார்கள் என்று மாற்றிச் சொன்னார்கள். பணம் போன கோபத்தைச் சாதிக் கோபமாக்கி ஊரைத் திரட்டுவது நமக்குப் புதிதா என்ன. கால்களைத் தொழுமரத்தில் மாட்டினார்கள். நடுராத்திரியில் இருவரும் பாடினார்கள்.

பின்னாளில் வேறொரு சிறையிலிருந்து (எந்த ஊர்ச் சிறை என்பதில் அறிஞர்களுக்குள் இன்னும் வழக்கு தீரவில்லை) பவுல் இந்த ஊருக்கு எழுதியதுதான் பிலிப்பியர் நிருபம். இரண்டாம் அதிகாரத்தைக் கம்பிக்கு வெளியே நின்று வாசித்தேன். "அடிமையின் ரூபமெடுத்து" என்ற இடத்தில் குரல் நின்றுவிட்டது. ஆலயத்தில் எத்தனையோ தடவை கேட்ட வரிதான். ஆனால் ரோமக் குடிமகன் என்பதே பெருமையான ஊரில், கடவுள் அடிமை ஆனார் என்று எழுதி அனுப்பியிருக்கிறார். அந்தக் கூடத்தில் வீட்டு அடிமைகளும் உட்கார்ந்து கேட்டிருப்பார்கள். அவர்கள் முகத்தை நினைத்துப் பார்த்தேன். பக்கத்தில் அக்கா, ஆச்சி பாடும் பழைய கீர்த்தனை ஒன்றை முணுமுணுத்துக்கொண்டிருந்தாள்.

அங்கிருந்து ஆற்றுக்கு நடந்தே போனோம். ஆறு என்று சொல்ல முடியாது, நம் ஊர் வாய்க்கால் அளவுதான். ஆனால் என்ன வேகம், என்ன தெளிவு! கூழாங்கல் ஒவ்வொன்றும் தெரிகிறது. கரையெல்லாம் மரநிழல். ஞானஸ்நானம் பெறுகிறவர்கள் இறங்கக் கல் படிகள் கட்டியிருக்கிறார்கள். அக்கா செருப்பைக் கழற்றிவிட்டு, சேலையைக் கொஞ்சம் தூக்கிச் செருகிக்கொண்டு, காலை விட்டாள். "ஆத்தீ, ஐஸு!"

பைபிளை அவளே வாசித்தாள். அப்போஸ்தலர் 16. துரோவாவில் பவுலுக்கு ராத்திரி ஒரு தரிசனம். மக்கெதோனியன் ஒருவன் நின்று, இங்கே வந்து எங்களுக்கு உதவி செய்யும் என்று கூப்பிடுகிறான். அந்த இடத்திலிருந்துதான் கதை சொல்கிறவர் "அவர்கள்" என்பதை விட்டு "நாங்கள்" என்று எழுத ஆரம்பிக்கிறார். நல்லது, வந்து இறங்கினார்கள். கூப்பிட்ட ஆணைக் காணோம். யூதர்களின் ஜெபஆலயம் கூடப் பத்து ஆண்கள் வேண்டும் என்பார்கள். இந்த ஊரில் அப்படி ஒரு ஆலயம் இருந்ததாகவே பேச்சு இல்லை. ஓய்வுநாளில் ஊருக்கு வெளியே ஆற்றங்கரைக்கு வந்தார்கள், அங்கே கூடியிருந்தது பெண்கள். உட்கார்ந்து பேசினார்கள். மேடை, கூட்டம் எதுவும் இல்லை. ஐரோப்பாவில் பவுலின் ஊழியம் தொடங்கியது இந்தக் கரைப் பேச்சில்தான்.

கேட்டவர்களில் ஒருத்திதான் லீதியாள். தியத்தீராவிலிருந்து வந்தவள், இரத்தாம்பரம் என்ற ஊதாச் சாயத் துணி விற்கிறவள். தியத்தீரா சாயத் தொழிலுக்குப் பேர்போன ஊர், இன்றைய துருக்கியில் அக்கிசார். சொந்தத் தொழில், சொந்த வீடு, வேலையாட்கள். வீட்டாரோடு ஞானஸ்நானம் பெற்றாள். உடனே, என்னை விசுவாசி என்று நீங்கள் எண்ணினால் என் வீட்டில் வந்து தங்குங்கள் என்று வருந்திக் கேட்டுக்கொண்டாள். அந்த "எண்ணினால்" என்பதை அக்கா இரண்டு தடவை வாசித்தாள். "நல்லா மடக்கிட்டா பாரு" என்றாள்.

உண்மையிலேயே மடக்கல்தான். கொஞ்ச காலத்துக்கு முன்புதான், கி.பி. 49 வாக்கில், எருசலேமில் பெரிய விவாதம் நடந்திருந்தது. யூதரல்லாதவர்கள் கிறிஸ்துவிடம் வர விருத்தசேதனம் (ஆண்களின் நுனித்தோலை நீக்கும் யூதச் சடங்கு) செய்துகொண்டு முதலில் யூதராக வேண்டுமா? வேண்டாம் என்று நின்றவர் பவுல். (அதே பவுல் இந்தப் பயணத்தின் தொடக்கத்தில் ஊராருக்காகத் தன் உதவியாளன் தீமோத்தேயுவுக்கு விருத்தசேதனம் செய்துவைத்தார். நெளிவு சுளிவு தெரிந்த ஆள்.) தீர்மானம் எருசலேமில் போட்டுவிடலாம். யாரோடு உட்கார்ந்து சாப்பிடுகிறாய், யார் வீட்டில் படுக்கிறாய் என்பதில்தான் அது உயிர் பிடிக்கும். லீதியாளின் வீட்டு வாசலில் பவுல் சரி என்று உள்ளே போனார். ஜெயிலிலிருந்து வெளியே வந்ததும் அதே வீட்டுக்குத்தான் போனார். யாரிடமும் கை நீட்டாத பவுல், இந்தச் சபையிடம் மட்டும் கொடுக்கல் வாங்கல் வைத்திருந்தார். தெசலோனிக்கேயில் இருந்தபோது இரண்டொரு தடவை இங்கிருந்து பணம் போயிருக்கிறது.

"அப்போ அந்தக் கடிதத்துல லீதியாள் பேர் ஏன் இல்ல?" என்றாள் அக்கா.

எனக்கு ஒரு நிமிஷம் பதில் வரவில்லை. பிலிப்பியர் நிருபத்தில் எயோதியாள், சிந்திகேயாள் என்ற இரண்டு பெண்கள் பேர் இருக்கிறது, அதுவும் சண்டை தீர்த்துக்கொள்ளச் சொல்லி. லீதியாள் இல்லை. தியத்தீரா இருந்த நாட்டுக்குப் பேரே லீதியா. அதனால் லீதியாள் என்பது அவள் பேராக இல்லாமல், லீதியாக்காரி என்று ஊர் கூப்பிட்டதாக இருக்கலாம், அந்த இருவரில் ஒருத்தியாகவே இருக்கலாம் என்று சிலர் சொல்வதுண்டு. அதைச் சொன்னதும் அக்கா பைபிளை மூடிவிட்டு என்னைப் பார்த்தாள்.

"நம்ம ஆச்சி மாதிரி."

ஆச்சியை ஊரில் எல்லோரும் சாயர்புரத்தாள் என்றுதான் சொல்வார்கள். பிறந்த ஊரை வைத்துப் பெண்ணைக் கூப்பிடுவது எங்கள் பக்கத்து வழக்கம். தலையில் மூட்டையோடு வீடு வீடாகப் போய்த் தவணைக்குச் சேலை விற்றவள். வெள்ளிக்கிழமை ராத்திரி ஜெபக்கூட்டம் அவள் வீட்டு முற்றத்தில். வருகிற உபதேசியாருக்குக் கருப்பட்டிக் காப்பி. ஊரில் ஆலயம் கட்டும்வரை அந்த முற்றம்தான் ஆலயம்.

ஆற்றுக்குப் பக்கத்தில் லீதியாள் பேரில் எண்கோண வடிவில் ஒரு புது ஆலயம். உள்ளே நடுவில் ஞானஸ்நானத் தொட்டி. கிரேக்கர்கள் அவளை அப்போஸ்தலருக்குச் சமமானவள் என்று சொல்லி மே 20இல் திருநாள் கொண்டாடுகிறார்கள். மெழுகுவர்த்தி கொடுக்கும் பாட்டி எங்களைப் பார்த்து, "இந்தியா?" என்றாள். தலையாட்டினோம். "தோமாஸ்!" என்று மார்பில் கை வைத்தாள். அக்கா பதிலுக்குத் தரையைக் காட்டி, "பவுலோஸ்!" என்றாள். இரண்டு பேருக்கும் அப்படி ஒரு சிரிப்பு.

அப்புறம் பாட்டி ஒரு துண்டுக் காகிதமும் பேனாவும் நீட்டினாள். பேர் எழுதிக் கொடுத்தால் குருவானவர் ஜெபத்தில் வாசிப்பார். அக்கா வாங்கிக்கொண்டு யோசித்து நின்றாள்.

"ஏல தம்பி, ஆச்சி பேரு என்ன?"

எனக்கும் உடனே வரவில்லை. ரேஷன் கார்டை மனசுக்குள் புரட்டிப் புரட்டி, கடைசியில் அவளே கண்டுபிடித்தாள். ஞானப்பூ. தமிழில் பெரிய எழுத்தில் எழுதினாள். நான் மெதுவாகச் சொன்னேன், நம் சபையில் செத்தவர்களுக்காக ஜெபிக்கிற வழக்கம் இல்லையே என்று.

"எழுதச் சொன்னா, எழுதினேன். நீ சும்மா இரு."

பாட்டி அந்தக் காகிதத்தை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தாள். பிறகு நான்காக மடித்துப் பெட்டிக்குள் போட்டாள்.