ஊர் ஊராக வசூலித்து எடுத்த படம்

நேற்று ராத்திரி பாம்பனில் கரண்ட் போயிருந்த நேரத்தில், லேப்டாப்பில் இயக்குநர் ஜான் ஆபிரகாமின் ‘அம்ம அறியான்’ மறுபடி பார்த்தேன். 1986இல் வந்த மலையாளப் படம், கறுப்பு வெள்ளை, தயாரிப்பாளர் என்று ஒரு முதலாளி கிடையாது, ஒடேஸா என்ற குழு ஊர் ஊராகப் போய் மக்களிடம் வசூலித்த பணத்தில் எடுத்தது. செத்துப்போன பையனின் அம்மாவிடம் சேதி சொல்ல வயநாட்டிலிருந்து கொச்சிக்குக் கிளம்புகிறார்கள், போகிற வழியெல்லாம் ஆள் சேர்ந்துகொண்டே போகிறது, அவ்வளவுதான் கதை. கதைக்குள்ளேயே ஆவணப்படமும் கலந்து வரும், எது நடிப்பு எது நிஜம் என்று பிரிக்க முடியாது.

இப்படி ஆள் சேர்ந்துகொண்டே போவதை எங்கள் தெருவிலேயே நான் பார்த்திருக்கிறேன். கடலுக்குப் போனவர் திரும்பவில்லை என்று தெரிந்த காலையில் நாலு பேர் அந்த வீட்டை நோக்கி நடக்க, கிழிந்த வலையைத் தைத்துக்கொண்டிருந்தவர்கள் ஊசியை அப்படியே வைத்துவிட்டு எழுந்து பின்னால் போனார்கள், வாசலுக்குப் போவதற்குள் ஊரே கூடிவிட்டது, முதலில் யார் வாய் திறப்பது என்று ஒருவருக்கும் தெரியவில்லை.

ஜான் மொத்தமே நாலு முழுநீளப் படம்தான் எடுத்தார், அதில் ‘அக்ரஹாரத்தில் கழுதை’ தமிழ். 1987இல் இறந்துவிட்டார்.

தங்கச்சிமடத்துத் தம்பி ஒருவன் குறும்படம் எடுக்கணும், காசில்லை அண்ணே என்கிறான். அந்த வாசலை எடுடா, வீடு வீடாக வசூலுக்கு நானும் வருகிறேன் என்று சொல்லியிருக்கிறேன்.