நெடுஞ்சாலைப் பாதுகாப்பில் ஆய்வு செய்ய வருகிறவர்களுக்கு

போக்குவரத்துப் பொறியியலில் ஆய்வு செய்ய வரும் இளையவர்கள் என்னிடம் முதலில் கேட்பது, "எந்த சாஃப்ட்வேர் படிக்கணும்?" என்பதுதான். பதில் சொல்லுமுன் நான் ஒன்றைத் திருப்பிக் கேட்பேன்: உங்கள் ஆய்வைப் படித்துவிட்டு எந்தப் பொறியாளர் எதை மாற்றிக் கட்டுவார்? இதற்கு ஒரு வரியில் பதில் வந்துவிட்டால் மற்றதெல்லாம் அதன் பின்னால் வரும். இந்தத் துறையில் முதுகலையும் முனைவர் ஆய்வும் முடித்து, இப்போது மாணவர்களின் ஆய்வேடுகளைப் படித்துக் கருத்துச் சொல்லும் வேலையில் இருக்கிறேன். அந்த அனுபவத்தில், தொடங்குகிறவர்களுக்கு உதவும் என்று நான் நினைப்பவற்றை எழுதுகிறேன்.

'நெடுஞ்சாலை விபத்துகளைக் குறைக்கும் வழிகள்' என்ற தலைப்போடு வருகிறவர்கள் நிறையப் பேர். ஒரு ஆய்வேடு அவ்வளவு பெரிய தலைப்பைத் தாங்காது. அதையே 'நான்கு வழிச்சாலையின் மீடியன் (நடுத்திட்டு) திறப்புகளில், யூ-டர்ன் எடுக்கும் வண்டிகளுக்குத் தனிக் காத்திருப்புத் தடம் கொடுத்தால் பின்பக்க மோதல் குறைகிறதா?' என்று சுருக்கிப் பாருங்கள். எந்த இடம், எந்த வண்டி, எந்த வகை மோதல், எதை எதோடு ஒப்பிடுவது என்று எல்லாமே அந்த ஒரு கேள்விக்குள் வந்துவிடுகிறது. விடை எந்தப் பக்கம் வந்தாலும் பயன் உண்டு. தடம் உதவுகிறது என்றால் கட்டலாம். இல்லையென்றால் அந்தப் பணத்தை வேறு வேலைக்குத் திருப்பலாம்.

அடிப்படைப் பாடங்களைத் தேர்வுக்கான சூத்திரமாக மட்டும் படித்துவிட்டு நகராதீர்கள். காகிதத்தில் கையால் ஒருமுறை போட்டுப் பார்த்தால்தான் அவை மனதில் நிற்கும். நிறுத்தப் பார்வைத் தூரத்தை, அதாவது ஓட்டுநர் ஆபத்தைக் கண்டு வண்டியை நிறுத்தத் தேவைப்படும் தூரத்தை, எடுத்துக்கொள்வோம். ஓட்டுநர் ஆபத்தைக் கண்டு பிரேக்கில் கால் வைக்க 2.5 வினாடி, பிரேக் பிடித்த பின் ஒவ்வொரு வினாடியும் வேகம் வினாடிக்கு 3.4 மீட்டர் குறைகிறது என்று வடிவமைப்பில் வைத்துக்கொள்வது வழக்கம். மணிக்கு 80 கிலோமீட்டரில் வரும் வண்டி, கால் பிரேக்குக்குப் போவதற்குள் 56 மீட்டர் ஓடிவிடும். நிற்பதற்கு இன்னும் 73 மீட்டர் வேண்டும். வேகம் 100 ஆனால் இந்த இரண்டும் 69, 113 என்று ஆகும். வேகம் கூடியது கால் பங்கு. பிரேக் பிடித்த பின் ஓடும் தூரம் கூடியது பாதிக்கும் மேல். வளைவின் உள்பக்கம் ஒரு விளம்பரப் பலகையோ புதரோ பார்வையை மறைக்கும்போது, இந்தக் கணக்கைப் போட்டவருக்கு அங்கே என்ன நடக்கும் என்று உடனே தெரியும்.

சுவீடனின் யோரன் நில்சன் வேகத்துக்கும் விபத்துக்கும் உள்ள தொடர்பை அடுக்குக் கணக்காகச் சொன்னார். ஒரு சாலையின் சராசரி வேகம் மாறினால் காயம் ஏற்படுத்தும் விபத்துகள் அந்த மாற்ற விகிதத்தின் இரண்டாம் அடுக்காகவும், உயிர்ப்பலி விபத்துகள் நான்காம் அடுக்காகவும் மாறும் என்பது அவருடைய மாதிரி. சராசரி வேகம் 5 சதவீதம் கூடினால் காய விபத்து சுமார் 10 சதவீதமும் உயிர்ப்பலி விபத்து 21 சதவீதத்துக்கு மேலும் கூடும் என்று அது சொல்கிறது. பின்னால் வந்த ஆய்வுகள், இந்த அடுக்கு சாலையின் வகையைப் பொறுத்து மாறும் என்று திருத்தின. ஆனாலும் வேகம் ஏறினால் சாவு அதைவிட வேகமாக ஏறும் என்பது நிலைத்து நிற்கிறது. வேகத்தைப் பற்றிப் பேசாமல் நெடுஞ்சாலைப் பாதுகாப்பு ஆய்வு செய்ய முடியாது என்று நான் சொல்வது இதனால்தான்.

அப்புறம் சராசரி வேகம். ஒரே தூரத்தை ஒரு வண்டி 60-லும் இன்னொன்று 120-லும் கடக்கின்றன. சாலையோரம் ரேடார் கன்னோடு நிற்பவருக்குச் சராசரி 90. பயண நேரத்தை வைத்துக் கணக்கிட்டால் 80. இரண்டும் சரிதான், ஆனால் வேறு வேறு கேள்விகளுக்கான விடைகள். வண்டிகளின் அடர்த்தியையும் ஓட்டத்தையும் இணைக்கும் சமன்பாட்டில் பயண நேரத்திலிருந்து வரும் சராசரியைத்தான் போட வேண்டும். வைவாவில் (வாய்மொழித் தேர்வில்) இந்த இடத்தில் கேள்வி வரும் என்று எதிர்பார்த்தே போங்கள்.

இனி, எனக்கு மிக முக்கியமான விஷயம். டேட்டாவைத் திறக்குமுன் இடத்துக்குப் போங்கள். போனால் பகலிலும் இரவிலும் போங்கள், முடிந்தால் மழையிலும். நெடுஞ்சாலைத் துறையிடம் அனுமதி வாங்கி, ஒளிரும் மேல்சட்டை போட்டு, துணைக்கு ஒருவரோடு, பாதுகாப்பான இடத்தில் நில்லுங்கள். சாலை நிறையச் சொல்லும். தார் மேல் டயர் இழுபட்ட கறுப்புக் கோடு எங்கே தொடங்குகிறது? அங்கிருந்து பார்த்தால் முன்னால் எது மறைகிறது? சாலையோரப் பாதுகாப்புத் தடுப்பில் பெயின்ட் உரசல் எந்த உயரத்தில் இருக்கிறது, உரசியது காரா லாரியா? மீடியன் செடிகளுக்கு நடுவே புல் தேய்ந்து ஒற்றையடிப் பாதை விழுந்திருக்கிறதா? அப்படி விழுந்திருந்தால் அங்கே மக்கள் தினமும் குறுக்கே நடக்கிறார்கள் என்று அர்த்தம். வரைபடத்தில் அந்த இடத்தில் எந்தக் கடப்பும் இருக்காது. வேலியைப் போட்டு அடைத்தால் கொஞ்ச நாளில் வேலியில் ஓட்டை விழும். இந்தப் பக்கம் வீடும் அந்தப் பக்கம் பேருந்து நிறுத்தமும் இருக்கும்வரை நடப்பவர் நடந்துகொண்டுதான் இருப்பார். இந்த ஒற்றையடிப் பாதை எந்த விபத்துப் பதிவேட்டிலும் வராது.

பதிவேட்டைக் கையில் எடுக்கும்போது, அதில் ஒவ்வொரு எண்ணும் எப்படி உருவானது என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். விபத்து நடந்த இடத்தைக் குறிப்பவர் பெரும்பாலும் பக்கத்திலிருக்கும் கிலோமீட்டர் கல்லை வைத்துத்தான் குறிக்கிறார். அந்த டேட்டாவை வரைந்தால் முழு எண் கிலோமீட்டர்களில் விபத்துகள் குவிந்தும் நடுவில் வெறிச்சென்றும் இருக்கும். அதைப் பார்த்து 'கரும்புள்ளி', அதாவது விபத்து அடிக்கடி நடக்கும் இடம், கண்டுபிடித்துவிட்டோம் என்று எழுதினால் கல் நட்ட இடத்தைத்தான் கண்டுபிடித்திருப்பீர்கள். சிறு காய விபத்துகள் பல பதிவாவதே இல்லை. மரணங்கள் ஓரளவு முழுமையாகப் பதிவாகின்றன. 'காரணம்' என்ற கட்டத்தில் பெரும்பாலும் ஓட்டுநரின் தவறு என்றுதான் இருக்கும். விசாரணைக்கு அது போதும், பொறியாளருக்குப் போதாது. ஓட்டுநர் தவறு செய்யத்தான் செய்வார். அந்தத் தவறு உயிரைப் பறிக்காதபடி சாலை அமைய வேண்டும் என்பதுதான் 1997-இல் சுவீடன் நாடாளுமன்றம் ஏற்ற 'விஷன் ஜீரோ' கொள்கையின் மையம். உங்கள் ஆய்வேட்டில் 'மனிதத் தவறு' என்று எழுதி முடிக்கத் தோன்றும்போதெல்லாம், அந்தத் தவறுக்குச் சாலை எப்படி இடம் கொடுத்தது என்று அடுத்த வாக்கியத்தைத் தொடருங்கள்.

புள்ளியியலில் பயப்பட ஒன்றுமில்லை, ஆனால் அதைத் தவிர்க்கவும் முடியாது. விபத்து என்பது எண்ணிக்கை. பின்னம் கிடையாது, எதிர்மறை எண் கிடையாது, பல இடங்களில் பூஜ்யம்தான். சாதாரண நேர்கோட்டு மாதிரி இதற்குப் பொருந்தாது. எண்ணிக்கைகளுக்கான பாய்ஸான் என்ற மாதிரியில் தொடங்குவார்கள், இடத்துக்கு இடம் சிதறல் சராசரியைவிட அதிகமாக இருப்பதால் அதற்கு இடம் கொடுக்கும் நெகடிவ் பைனாமியல் மாதிரிக்குப் போவார்கள். இதற்கான பாடத்தைப் புள்ளியியல் துறையிலேயே போய் எடுத்துக்கொள்வது நல்லது.

அதைவிட முக்கியமானது சராசரிக்குத் திரும்புதல். ஒரு சந்திப்பில் மூன்று ஆண்டில் 8 விபத்து. அதிகமாக இருக்கிறது என்றுதான் அதைத் தேர்ந்தெடுத்து வேலை செய்கிறார்கள். அடுத்த மூன்று ஆண்டில் 4. 'பாதியாகக் குறைத்துவிட்டோம்' என்று அறிக்கை தயார். ஆனால் 8 என்பதில் ஒரு பங்கு அந்த ஆண்டுகளின் கெட்ட நேரம். எதுவும் செய்யாமல் விட்டிருந்தாலும் கொஞ்சம் குறைந்திருக்கும். கனடாவின் எஸ்ரா ஹவர் இந்தத் துறையில் வேரூன்ற வைத்த எம்பிரிகல் பேயஸ் முறை இதைத்தான் சரிசெய்கிறது. அதே வகைச் சந்திப்புகளில் மூன்று ஆண்டுக்கு 2 விபத்து எதிர்பார்க்கலாம் என்று புள்ளியியல் மாதிரி சொல்கிறது, இடத்துக்கு இடம் உள்ள சிதறலின் அளவு 0.5 என்று வைத்துக்கொள்வோம். மாதிரிக்கான எடை 1/(1 + 0.5 × 2), அதாவது 0.5. அப்படியானால் அந்தச் சந்திப்பின் உண்மையான எதிர்பார்ப்பு 2-க்கும் 8-க்கும் நடுவில், 5. போக்குவரத்து அளவு மாறவில்லை என்றால், 5 நான்கானது: குறைவு 20 சதவீதம்தான், 50 இல்லை. இந்த வித்தியாசம் காகிதத்தோடு நிற்காது. 50 என்று நம்பி அதே வேலையை நூறு சந்திப்பில் செய்தால், வேறு வேலைகளால் பிழைத்திருக்கக்கூடிய உயிர்கள் போகும்.

விபத்து டேட்டா போதாத இடங்களில் மோதல் நெருக்கங்களை அளக்கலாம். ஒரு வண்டி ஒரு புள்ளியை விட்டு விலகிய கணத்துக்கும் இன்னொரு வண்டி அதே புள்ளிக்கு வந்த கணத்துக்கும் உள்ள இடைவெளியை வீடியோவிலிருந்து எடுக்க முடியும். ஒரு வினாடி, ஒன்றரை வினாடி என்று வந்தால் அது மயிரிழையில் தப்பியது. இப்படி எண்ணுவதன் பெரிய நன்மை, யாராவது சாகும்வரை காத்திருக்க வேண்டியதில்லை என்பது. கேமராவை உயரமான இடத்தில் வையுங்கள்; தாழ்வாக வைத்தால் லாரி காரை மறைத்துவிடும். வண்டி எண்ணும் முகமும் பதிவாகுமென்றால் அவற்றை மறைப்பதற்கான ஏற்பாட்டையும் அனுமதியையும் முதலிலேயே முடித்துவிடுங்கள். நடுவில் வந்து நிற்கும் தடைகளில் இதுவும் ஒன்று.

சரி, சாஃப்ட்வேர். போக்குவரத்தைக் கணினியில் ஓட்டிப் பார்க்கும் சாஃப்ட்வேர்களில் சூமோ இலவசம், விசிம் பணம் கட்டி வாங்குவது. கையில் கிடைப்பதைக் கற்றுக்கொள்ளுங்கள். திரையில் வண்டிகள் அழகாக ஓடுவதைப் பார்த்து மயங்கக் கூடாது. ஒரே ரேண்டம் சீடில் (தற்செயல் எண்களுக்கான தொடக்க எண்ணில்) ஒருமுறை ஓட்டி வந்த விடையை வைத்து எதுவும் சொல்லாதீர்கள். சீடை மாற்றிப் பலமுறை ஓட்டி, விடை எவ்வளவு ஆடுகிறது என்று காட்டுங்கள். சாலையில் எண்ணியதையும் மாதிரி சொல்வதையும் ஜெஃப்ரி ஹேவர்ஸின் பெயரால் வழங்கும் ஜிஇஹெச் அளவுகோலில் ஒப்பிடுங்கள். 5-க்குக் கீழே வந்தால் பொதுவாக ஏற்கிறார்கள். இன்னொன்றையும் மறக்க வேண்டாம்: இந்த மாதிரிகளில் வண்டிகள் மோதாமல் ஓடும்படிதான் விதிகள் எழுதப்பட்டிருக்கின்றன. தாமதத்தையும் வரிசை நீளத்தையும் அவற்றிடம் கேட்கலாம். பாதுகாப்பைக் கேட்பதாக இருந்தால் களத்து வீடியோவோடு உரசிப் பார்க்காமல் நம்ப வேண்டாம்.

திட்டமிடல் பக்கம் போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. சாலையை ஆண்டின் உச்ச நெரிசல் மணிக்கு வடிவமைத்தால் மற்ற நாளெல்லாம் பாதிச் சாலை காலி. அதனால்தான் ஆண்டின் 30-ஆவது நெரிசலான மணியை எடுக்கும் பழக்கம் வந்தது. புதுச் சாலை போட்டால் பயணம் எளிதாகும் என்பதும் எப்போதும் நடப்பதில்லை. ஒரு இணைப்பைச் சேர்த்ததாலேயே எல்லோருடைய பயண நேரமும் கூடலாம் என்று 1968-இல் டீட்ரிச் பிரைஸ் கணிதத்தில் காட்டினார். அந்தச் சிறிய உதாரணத்தைக் கையால் போட்டுப் பாருங்கள், ஒரு மாலை போதும்.

ஆய்வேட்டை எழுதி முடித்ததும் இரண்டு பக்கத்தில் இன்னொரு வடிவம் எழுதுங்கள். சமன்பாடு வேண்டாம். எந்த இடம், என்ன கண்டீர்கள், என்ன செய்யலாம், உங்கள் கணிப்பு எந்த எல்லைக்குள் செல்லும். ஒரு வரைபடம், ஒரு புகைப்படம். அதை அனுமதி தந்த அலுவலகத்துக்கு நேரில் கொண்டுபோய்க் கொடுங்கள். பொறியாளர்கள் கேட்கும் கேள்விகளைக் குறித்துக்கொள்ளுங்கள், அவற்றில் சில உங்கள் அடுத்த கட்டுரைக்கு உதவும். பரிந்துரையை ஏற்று வேலை தொடங்குவதாகச் சொன்னால், தொடங்குமுன்னே அந்த இடத்தையும் மாற்றம் செய்யாத சில இடங்களையும் சேர்த்து வீடியோ எடுத்துவிடுங்கள். வேலை முடிந்த பிறகு முந்தைய நிலையை அளக்க யாராலும் முடியாது.