பதிவேடு ஒரு கணக்கு, இ.எஸ்.ஐ. ஒரு கணக்கு

கோவையில் ஒரு பம்ப்செட் கம்பெனியில் லேத் ஆபரேட்டராக இருந்தேன். 2019இல் ஒருநாள் கேட்டிலேயே நிறுத்தி, இனி வர வேண்டாம் என்றார்கள். எழுத்தில் எதுவும் தரவில்லை. சம்பளமும் கையில்தான், வங்கிக் கணக்கில் வந்ததில்லை.

தொழிலாளர் அலுவலர் முன்னால் சமரசப் பேச்சு நடந்து, ஒன்றும் தேறவில்லை. அப்போதிருந்த தொழில் தகராறுகள் சட்டப்படி, சமரசத்துக்கு மனுப் போட்டு 45 நாள் கடந்துவிட்டால் நாமே நேராகத் தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போகலாம். போனேன்.

நிர்வாகத் தரப்பில் வருகைப் பதிவேட்டின் ஜெராக்ஸைத் தாக்கல் செய்தார்கள். மாதத்துக்கு 15, 16 நாள்தான் வந்தேனாம். இதற்கு ஒரு காரணம் உண்டு. வேலையை விட்டு நீக்கியதற்கு முந்தைய 12 மாதத்தில் 240 நாள் வேலை பார்த்திருந்தால், முன்னறிவிப்பும் இழப்பீடும் கொடுக்காமல் ஆள்குறைப்புச் செய்ய முடியாது. 240ஐக் காட்டவேண்டிய பொறுப்பு தொழிலாளியுடையது. பதிவேடோ முதலாளியின் பீரோவில்!

எனக்கு வந்த ஆத்திரத்தில் போலீசுக்குப் போகலாம் என்றேன். வக்கீல் அம்மா விடவில்லை. "போலி என்று நாம் சொன்னால் நாம்தான் நிரூபிக்கணும். அவங்க கணக்கே அவங்களோட இடிக்குதுன்னு காட்டினா போதும்" என்றார். அசலைக் கொண்டுவர உத்தரவிடக் கோரி மனுப் போட்டார். பல வாய்தா இழுத்தடித்த பிறகுதான் அசல் வந்தது.

பார்த்தால் புத்தம் புதுசு. மிஷின் ஷாப்பில் ஒரு வருஷம் புழங்கிய நோட்டில் ஒரு எண்ணெய்க் கறைகூட இல்லை. அதைவிடப் பெரிய விஷயம், தீபாவளிக்குப் பிறகு வேலைக்குச் சேர்ந்த பையனின் பெயர், அதற்கு முந்தைய ஜூன் மாதப் பக்கத்திலேயே எனக்குக் கீழே இருந்தது.

இதற்கிடையில் இ.எஸ்.ஐ. (தொழிலாளர் அரசுக் காப்பீடு) இணையதளத்தில் என் காப்பீட்டு எண்ணைப் போட்டு, மாதவாரியாகச் சந்தா விவரம் எடுத்திருந்தேன். எத்தனை நாளுக்குச் சம்பளம், எவ்வளவு சம்பளம் என்று எல்லாம் அதில் இருக்கும். மாதம் முடிந்ததும் கம்பெனியே ஏற்றுவது அது. என் பெயருக்கு நேரே 25, 26 என்று இருந்தது. பதிவேட்டை மாற்றியவர்களுக்கு இது ஞாபகமே வரவில்லை போல.

சாட்சி சொல்ல வந்தவர் மனிதவள அதிகாரி. குறுக்கு விசாரணையில் வக்கீல் குரலையே உயர்த்தவில்லை. இ.எஸ்.ஐ. கணக்கு உங்கள் கம்பெனி கொடுத்ததா? ஆமாம். அது சரியான கணக்கா? ஆமாம். அப்புறம்தான் பதிவேட்டைக் காட்டினார். எழுதியது யார் என்று தெரியாது என்றார் அவர், தான் பிறகு சேர்ந்தவராம்.

சூப்பர்வைசர் எனக்கு அனுப்பிய வாட்ஸ்அப் செய்திகளையும், மின்னணு ஆதாரங்களுக்குப் பழைய சாட்சியச் சட்டம் கேட்ட 65பி சான்றிதழோடு கொடுத்தோம். இப்போது வழக்கு நடத்துகிறவர்கள் கவனிக்க: 2024 ஜூலை 1 முதல் வந்த புதிய சாட்சியச் சட்டத்தில் இது 63ஆம் பிரிவு. சான்றிதழில் ஹாஷ் மதிப்பும் (கோப்பை யாரும் மாற்றவில்லை என்று சரிபார்க்க உதவும் குறியீடு) வேண்டும். போனை மாற்றினாலும் பழையதைத் தூக்கிப் போடாதீர்கள்.

தீர்ப்பில் 'போலி' என்ற சொல்லே இல்லை. பதிவேட்டை நம்ப இயலாது என்று மட்டும் இருந்தது. எனக்கு அதில் கொஞ்சம் வருத்தம்தான், ஆனாலும் 240 நாள் நிரூபணமாகி, மீண்டும் வேலை தரச் சொல்லி உத்தரவானது. நிர்வாகம் உயர் நீதிமன்றம் போயிருக்கிறது. வேறு எங்கும் வேலையில் இல்லை என்று பிரமாணப் பத்திரம் கொடுத்து, அந்தப் பழைய தொழில் தகராறுகள் சட்டத்தின் 17பி பிரிவின்படி, வழக்கு முடியும்வரை கடைசியாக வாங்கிய சம்பளத்தை மாதாமாதம் வாங்கிக்கொண்டிருக்கிறேன்.