அம்மிச்சிக்குக் காது நன்றாகத்தான் கேட்கிறது

போன மாதம் அம்மிச்சி, அதாவது அம்மாவின் அம்மா, போனை எடுப்பதையே குறைத்துக்கொண்டார். எடுத்தாலும், "ஒன்னும் கேக்க மாட்டேங்குது கண்ணு, எனக்குக் காது போயிருச்சு, நேர்ல வந்தீன்னா பேசிக்கலாம்" என்று சொல்லி வைத்துவிடுவார். 76 வயது என்பதால் வீட்டில் யாருக்கும் சந்தேகம் வரவில்லை. அத்தை பொள்ளாச்சியில் காது டாக்டரிடம் நேரமும் வாங்கிவிட்டார்.

ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போனேன். அம்மிச்சி டிவி பார்த்துக்கொண்டிருந்தார், நாங்கள் எல்லாரும் வைக்கிற அதே சத்தத்தில். திண்ணையிலிருந்து நான் மெதுவாகக் கூப்பிட்டதற்கும் உடனே திரும்பினார். அப்புறம்தான் அவருடைய போனைக் கையில் வாங்கி, என் போனிலிருந்து அத்தையைப் பேசச் சொல்லிக் காதில் வைத்துப் பார்த்தேன். கிணற்றுக்குள்ளிருந்து பேசுவதுபோல இருந்தது, எனக்கே பாதி புரியவில்லை. ஸ்பீக்கரில் போட்டதும் கணீரென்று கேட்டது. அந்த இரண்டு நிமிடத்திலேயே கோளாறு எங்கே என்று தெரிந்துவிட்டது: காதில் வைக்கிற சின்ன ஸ்பீக்கரில், அதாவது இயர்பீஸில்.

இப்போது வருகிற போன்களில் இயர்பீஸுக்குத் தனியாக ஓட்டை தெரிவதில்லை, கண்ணாடிக்கும் விளிம்புக்கும் நடுவில் நூல் மாதிரி ஒரு பிளவு, அதற்குள் ஒரு மெல்லிய வலை, அவ்வளவுதான். டார்ச் அடித்துப் பார்த்தேன். பவுடர், திருநீறு, தேங்காய் எண்ணெய், வியர்வை எல்லாம் சேர்ந்து பசை மாதிரி அதை மூடியிருந்தது. போதாததற்கு, கடையில் ஒட்டிக்கொடுத்த டெம்பர் கிளாஸ் கொஞ்சம் மேலே ஏறிப்போய் மீதிப் பிளவையும் பாதி மறைத்திருந்தது. அந்த இடுக்கு வழியாகத்தான் அம்மிச்சி எங்கள் குரலை இத்தனை நாள் தேடிக்கொண்டிருந்தார். எனக்கு மனசு கஷ்டமாகிவிட்டது.

சுத்தம் செய்தது இப்படித்தான். போனை ஆஃப் செய்து, டெம்பர் கிளாஸை எடுத்துவிட்டு, போனின் முகம் தரையைப் பார்க்கும்படி பிடித்துக்கொண்டேன், உதிர்கிற அழுக்கு உள்ளே போகாமல் கீழே விழ வேண்டும் என்பதற்காக. குழந்தைகளுக்கான புது டூத்பிரஷ் ஒன்றை, தண்ணீர் தொடாமல், பிளவின் நீளத்துக்கு மெதுவாக ஓட்டினேன். அழுத்தக் கூடாது. அப்புறம் பெயின்ட் அடிப்பவர்கள் ஓரத்தில் ஒட்டுகிற மாஸ்கிங் டேப்பைச் சின்னதாகக் கிழித்து, பசைப்பக்கம் வெளியே இருக்கும்படி சுருட்டி, வலைமேல் ஒற்றி ஒற்றி எடுத்தேன். ஒவ்வொரு முறையும் டேப் பழுப்பாக வந்தது. பத்து நிமிட வேலை. திரும்ப அத்தையைப் பேசச் சொன்னேன், அம்மிச்சி போனைக் காதிலிருந்து கொஞ்சம் தள்ளிப் பிடித்தார்.

செய்யக் கூடாததையும் சொல்லிவிடுகிறேன். ஊசி, குண்டூசி, சிம் பின் எதையும் குத்தாதீர்கள், வலை கிழிந்துபோகும். ஸ்பிரிட்டோ சானிடைசரோ ஊற்றினால் அழுக்கு கரைந்து உள்ளேதான் இறங்கும். வாயால் ஊதினால் எச்சில் ஈரம் போகும்.

"போனில் சத்தம் சரியில்லை" என்று நாம் ஒரே வார்த்தையில் சொல்வதற்குள் நாலைந்து தனித்தனிக் கோளாறுகள் இருக்கின்றன. எது என்று பிரித்துப் பார்க்காமல் கடைக்குப் போனால் தேவையில்லாததை மாற்றிவிட்டு வருவோம். அம்மிச்சி விஷயத்தில் போனைப் பார்க்காமல் காதைச் சந்தேகித்தோமே, அப்படித்தான். அதனால் முதலில் பிரிக்க வேண்டும். காதில் வைத்தால் கேட்கவில்லை, ஸ்பீக்கரில் கேட்கிறது என்றால் இயர்பீஸ். இரண்டிலும் இல்லை, ஆனால் ஹெட்செட்டில் கேட்கிறது என்றால் போனுக்குள் இருக்கிற மெயின் போர்டும் மென்பொருளும் அநேகமாக நன்றாக இருக்கின்றன, ஸ்பீக்கர்களைத்தான் பார்க்க வேண்டும். வாட்ஸ்அப் காலில் தெளிவாகக் கேட்டு, சாதாரணக் காலில் மட்டும் மங்கலாக இருந்தால் போனைத் திறக்கவே வேண்டாம். பழைய முறைக் கால்கள் 300 முதல் 3400 ஹெர்ட்ஸ் வரையிலான ஒலியைத்தான் கொண்டுபோகும், ஹெச்டி வாய்ஸ் இருக்கிற வோல்ட்டி (VoLTE, 4ஜி வழியாகப் போகிற) காலில் அது 7000 வரை போகும். சிம் செட்டிங்கில் வோல்ட்டி அணைந்திருந்தால் எல்லாருடைய குரலும் ஜலதோஷம் பிடித்த மாதிரிதான் கேட்கும். சாம்சங்கில் *#0*# என்றும், ஷவ்மி போன்களில் *#*#6484#*#* என்றும் டயல் செய்தால் பெரும்பாலான மாடல்களில் ஒரு சோதனைத் திரை வரும், அதில் இயர்பீஸையும் கீழ் ஸ்பீக்கரையும் தனித்தனியாக ஒலிக்கவைத்துப் பார்க்கலாம்.

செட்டிங் தவறுகளும் நிறைய. கால் சத்தத்தைக் கால் பேசிக்கொண்டிருக்கும்போதுதான் கூட்ட வேண்டும், மற்ற நேரத்தில் பட்டனை அழுத்தினால் பாட்டுச் சத்தம்தான் கூடும். பல வயதானவர்களுக்கு இது தெரியாது, நாமும் சொல்லிக்கொடுப்பதில்லை. ப்ளூடூத் வாசலில் நிற்கிற காருடனோ பக்கத்து அறை இயர்பட்ஸுடனோ சேர்ந்திருக்கிறதா பாருங்கள். செட்டிங்கில் அணுகல்தன்மை (Accessibility) பகுதியில் இடது, வலது என்று ஒரு கோடு இருக்கும், யாராவது கைபட்டு அதை ஒரு ஓரத்துக்குத் தள்ளியிருந்தால் ஹெட்செட்டில் ஒரு காது செத்துவிடும்.

இன்னொன்று பலரைக் குழப்புகிறது. வாட்ஸ்அப்பில் வாய்ஸ் மெசேஜ் போட்டால் சட்டென்று சத்தம் குறைந்து திரையும் கறுப்பாகிவிடும். போனின் மேல்பக்கம் இருக்கிற சென்சார், நீங்கள் போனைக் காதில் வைத்துவிட்டதாக நினைத்து ஒலியை இயர்பீஸுக்கு மாற்றுவதுதான் காரணம். மலிவான டெம்பர் கிளாஸோ ஓரத்து அழுக்கோ அந்த சென்சாரை மறைத்தாலே இது நடக்கும், துடைத்தால் போதும்.

நாம் பேசுவது எதிர்முனையில் கேட்கவில்லை என்றால் அது மைக். போனில் ஒரே ஒரு மைக் இருப்பதாகத்தான் நினைக்கிறோம். பெரும்பாலான போன்களில் இரண்டு, மூன்று இருக்கின்றன: சார்ஜ் ஓட்டை பக்கத்தில் ஒன்று, மேல் விளிம்பில் ஒன்று, சிலவற்றில் பின் கேமரா பக்கத்தில் இன்னொன்று. காதில் வைத்துப் பேசும்போது கீழ் மைக் உங்கள் குரலை எடுக்கும், மேலே இருப்பது சுற்றுச் சத்தத்தைக் கேட்டு அதைக் கழிக்க உதவும். அதனால்தான் மேல் மைக்கை கவர் மறைத்தாலும் குரல் கெட்டுப்போகிறது. சோதிக்க எளிய வழி: வாய்ஸ் ரெக்கார்டரில் நாலு வார்த்தை பேசிக் கேளுங்கள், அப்புறம் முன் கேமராவிலும் பின் கேமராவிலும் பேசிக்கொண்டே வீடியோ எடுத்துப் போட்டுப் பாருங்கள். எது மங்கலாக வருகிறதோ அந்தப் பக்கம் பாருங்கள். 2021-இல் வந்த ஆண்ட்ராய்டு 12 முதல், மேலிருந்து இழுக்கிற பட்டியலில் மைக்கை மொத்தமாக அடைக்கிற ஒரு பட்டனும் இருக்கிறது. அதில் மைக் அடைபட்டிருந்தால் ஆப்களுக்கு வெறும் மௌனம்தான் போகும்.

பக்கத்து வீட்டுத் தம்பி சிம் எடுப்பதாக நினைத்து மைக் ஓட்டையில் பின்னை விட்டு அழுத்திவிட்டான். இரண்டு ஓட்டையும் ஒரே மாதிரி இருப்பதால் யாருக்கும் நடக்கக்கூடியது. சிம் ஓட்டை பெரும்பாலும் சிம் தட்டின் மேலேயே இருக்கும், தட்டின் கோடு தெரியாத இடத்தில் பின்னை வைக்காதீர்கள்.

மாமா கோயம்புத்தூர் கணபதியில் லேத் பட்டறை வைத்திருக்கிறார். அவர் போன் ஸ்பீக்கர் ஆறு மாதத்துக்கு ஒரு முறை கரகரவென்று ஆகிவிடும். ஸ்பீக்கருக்குள் காந்தம் இருக்கிறது, பட்டறையில் பறக்கிற இரும்புத் தூளை அது இழுத்து வலைமேல் ஒட்டவைத்துக்கொள்கிறது. நுண்ணிய தூள் உள்ளே இறங்கிவிட்டால் பாட்டின் ஒவ்வொரு அடிக்கும் அதுவும் சேர்ந்து அதிரும். பட்டறை ஏர் கன்னை வைத்து அடிப்பதுதான் அங்கே வழக்கம், அந்த வேகத்துக்கு உள்ளே இருக்கிற மெல்லிய படலம் தாங்காது. பசையுள்ள டேப்பைப் பலமுறை ஒற்றி எடுப்பதுதான் பாதுகாப்பு. இப்போது வேலை நேரத்தில் போனை ஜிப் உறையில் போட்டு மேசை டிராயரில் வைக்கிறார், கரகரப்பு திரும்ப வரவில்லை.

தண்ணீர் புகுந்திருந்தால் போனை ஆஃப் செய்து, சார்ஜ் ஓட்டை கீழே பார்க்கும்படி பிடித்து உள்ளங்கையில் மெதுவாகத் தட்டுங்கள், காற்றோட்டமான இடத்தில் ஒரு நாள் விடுங்கள். காய்வதற்குள் சார்ஜ் போடாதீர்கள். அரிசிப் பானை வேண்டவே வேண்டாம், துகள் உள்ளே போகும் என்று ஆப்பிள் நிறுவனமே தன் உதவிப் பக்கத்தில் சொல்லியிருக்கிறது, 2024-இல் அது செய்தியாகவும் வந்தது. ஈரம் ஸ்பீக்கர் வாயில் மட்டும் நின்றால் அடர்த்தியான தாழ்ந்த ஒலியைச் சிறிது நேரம் ஓடவிட்டால் துளிகள் வெளியே தெறிக்கும். போர்டு வரை போன ஈரத்துக்கு அது உதவாது.

இத்தனையும் பார்த்தும் சரியாகவில்லை என்றால் கடைதான். கீழ் ஸ்பீக்கரைக் கடைக்காரர்கள் பலரும் ரிங்கர் என்பார்கள், மேலே இருப்பது இயர் ஸ்பீக்கர். பல ஆண்ட்ராய்டு போன்களில் கீழ் மைக்கும் சார்ஜ் ஓட்டையும் ஒரே சின்ன போர்டில் இருப்பதால் மைக்குக்காகப் போனால் சார்ஜிங் போர்டையே மாற்ற வேண்டும் என்பார்கள், அது நியாயமான பேச்சுதான். எது கெட்டது என்று நீங்கள் வீட்டிலேயே பிரித்துப் பார்த்திருப்பதால் அதை மட்டும் சொல்லுங்கள், கழற்றிய பழைய பாகத்தைக் கையில் கேட்டு வாங்குங்கள். பணம் கொடுக்கும் முன் அங்கேயே நின்று ஒரு கால் பேசி, ஒரு பாட்டு போட்டு, ஒரு வாய்ஸ் பதிவும் செய்து பார்த்துவிடுங்கள்.